செங்கமலம் பேசிய ஒரே வசனம்

திருநின்றவூரில் மத்தியானம் மூன்று மணிக்குத் தெரு செத்துக் கிடக்கும். ஆண்கள் காலை ரயிலுக்கே போய்விட்டிருப்பார்கள். பெண்கள் கோழித்தூக்கம் போடுவார்கள். நான் மட்டும் வாசலில் பிரம்பு நாற்காலியைப் போட்டுக்கொண்டு, எதிர்ப்பக்கம் விலைபோகாமல் கிடந்த மனைகளின் எல்லைக் கற்களைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பேன். அந்தக் கல்லில் ஒரு காக்கை வந்து உட்கார்ந்தால் அன்றைக்கு எனக்கு விருந்தாளி வந்த கணக்கு.

அப்படி ஒரு மத்தியானத்தில் தம்பட்டச் சத்தம் கேட்டது. டூரிங் கொட்டகையின் நோட்டீஸ் வண்டி. இரண்டு பக்கமும் தட்டி கட்டிய ஒற்றை மாட்டு வண்டி. உள்ளே இருந்தவன் தம்பட்டத்தை நிறுத்தும்போதெல்லாம் ஒரு கொத்து ரோஸ் கலர் நோட்டீஸைக் காற்றில் விட்டெறிவான். வாங்க ஆளில்லாத தெருவில் அத்தனையும் புழுதியில் உருண்டன. ஒன்று மட்டும் பறந்து வந்து என் செருப்பின் மேல் உட்கார்ந்தது.

‘ஏரிக்கரைக் கொட்டகையில் இரண்டு நாள் மட்டும். மதகுக் காவலன். பாட்டு, சண்டை, சிரிப்பு நிறைந்தது.’

பாட்டு இருந்தது உண்மை. சண்டை ஒன்று உண்டு. அதில் அடிபடுவதற்கு முன்பே வில்லன் தடுக்கி விழுந்துவிடுவான். சிரிப்பு எங்கே என்று எனக்கே தெரியாது. அதில் காவலனாக நடித்து, டைரக்ட்டும் செய்த புண்ணியவானின் பெயரை நோட்டீஸில் போடவில்லை. அந்தப் புண்ணியவான் நான்தான்.

நோட்டீஸை எடுத்துக்கொண்டு உள்ளே போனேன். “செங்கமலம், உன் படம் வந்திருக்கு” என்று சமையற்கட்டைப் பார்த்துச் சொன்னேன்.

சமையற்கட்டில் யாரும் இல்லை. என் மனைவி போய் அப்போது இரண்டு வருஷம் ஆகியிருந்தது. குழந்தை குட்டி எங்களுக்குக் கிடையாது. வாயிலிருந்து வந்த பேச்சு சுவரில் பட்டு என்னிடமே திரும்பி வந்தது.

நடித்தது நான், எடுத்தது நான். அதை ஏன் ‘உன் படம்’ என்றேன்? அதைச் சொல்லக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

துருக்கித் தொப்பிக்காரர்

நான் படம் பேசாத காலத்து ஆள். அப்போது திரையில் பொம்மைகள் வாயை வாயை அசைக்கும். கதை என்னவென்று ஜனங்களுக்குப் புரியாது. அதனால் திரைக்குப் பக்கத்தில் ஒரு ஆளை நிறுத்தி, தகரக் கூம்பு ஒன்றைக் கையில் கொடுத்து, கதையைச் சொல்லச் சொல்வார்கள். ராஜாவுக்கு ஒரு குரல், ராணிக்கு ஒரு குரல், குதிரைக்கும் அவனே கனைக்க வேண்டும். நாடகக் கம்பெனியில் குரல் உடைந்து வெளியே தள்ளப்பட்ட எனக்கு அந்த வேலை கிடைத்தது.

அந்தத் தொழிலுக்கு ஒரே ஒரு சட்டம்தான். படத்துக்கு ஒரு மூச்சு முன்னால் பேச வேண்டும். திரையில் வாய் அசைந்த பிறகு பேசினால் ஜனம் உன்னைப் பார்க்கும். அசைவதற்கு ஒரு மூச்சு முன்னால் ஆரம்பித்துவிட்டால், பேசுவது திரைதான் என்று நம்பிவிடும். சில வருஷம் அப்படியே பேசிப் பேசி, எனக்கு அது விக்கல் மாதிரி ஆகிவிட்டது. நினைத்துச் செய்வதல்ல, தானாக வருவது.

ஒரு தடவை எங்கிருந்தோ ஒரு பெட்டி வந்தது. துருக்கி தேசத்துப் படம் என்று முதலாளி சொன்னார். நிஜமா பொய்யா, அவருக்கே வெளிச்சம். அதில் குஞ்சம் வைத்த சிவப்புத் தொப்பியோடு ஒருவர் வருவார். தொப்பி சிவப்பு என்பது நானாகச் சொல்லிக்கொண்டது; படத்தில் அது கறுப்புதான். அவர் ஒரு பாலத்தின் மேல் நின்று யாருக்கோ காத்திருப்பார். வர வேண்டியவர் கடைசிவரை வரமாட்டார். நான் அந்த இடத்துக்கு வசனமே சொல்லாமல் கூம்பைக் கீழே இறக்கிவிட்டேன். கொட்டகையில் ஒரு இருமல் கூட இல்லை.

“அந்த ஆளேதான் படத்தையும் எடுத்தவன்” என்று முதலாளி போகிற போக்கில் சொன்னார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. நடிக்கவும் செய்யலாம், அடுத்தவனை நடிக்க வைக்கவும் செய்யலாம், இரண்டையும் ஒருத்தனே செய்யலாமா! பைத்தியம் அன்றைக்குப் பிடித்தது.

அவர் பெயர் எனக்குத் தெரியாது. ஆனால் வயதாக ஆக அவரை அடிக்கடி நினைத்துக்கொள்கிறேன். உயிரோடு இருந்தால் அவரும் ஏதோ ஒரு ரயில் போகிற ஊரில், வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். அவர் தெருவில் காக்கையாவது வருகிறதோ என்னவோ.

பிலிம் பஞ்சத்தில் ஒரு குடம்

பேசும் படம் வந்தது. கூம்பு போயிற்று, நான் திரைக்கு உள்ளே போனேன். சேவகன், மந்திரி, சுல்தான் என்று படிப்படியாக ஏறினேன். சுல்தான் வேஷத்துக்குத் துருக்கித் தொப்பி வைத்தபோது கண்ணாடி முன்னால் வெகுநேரம் நின்றேன். மேக்கப்காரர் எனக்குக் கர்வம் என்று நினைத்தார். பிறகு சில படங்களை டைரக்ட் செய்தேன். சில ஓடின. மற்றவற்றைப் பற்றி இந்தத் தொடரில் போன வாரங்களில் வேண்டிய அளவு புலம்பியாயிற்று.

‘மதகுக் காவலன்’ யுத்த காலத்துப் படம். அரிசிக்கு ரேஷன் என்றால் உலகத்துக்குத் தெரியும். பிலிமுக்கும் ரேஷன். ஒரு ஷாட்டை ஒரு தடவைதான் எடுக்க முடியும். நடிகன் தும்மினால் அந்தக் கதாபாத்திரத்துக்கு ஜலதோஷம் என்று கதையை மாற்றிக்கொள்ள வேண்டியதுதான்.

இதே திருநின்றவூர் ஏரிக்கரையில்தான் எடுத்தோம். ஒரு பெண் குடத்தோடு கரைமேல் நடந்துபோக வேண்டும். வருவதாகச் சொன்ன பெண்ணை அவள் வீட்டில் விடவில்லை. நேரம் போய்க்கொண்டிருக்கிறது. எனக்குச் சாப்பாடு எடுத்துக்கொண்டு அன்றைக்கு ரயிலில் வந்திருந்த செங்கமலம், மரத்தடியில் தூக்குச்சட்டியோடு நின்றாள்.

“நீ நடம்மா” என்றேன்.

“எனக்கு என்ன தெரியும்?”

“நடக்கத் தெரியாதா? குடத்தை இடுப்பில வச்சுக்கோ, கரையோட போ. திரும்பிப் பார்க்காதே. வாயைத் திறக்காதே.”

இரண்டையும் செய்தாள்.

நேராக நடந்தவள் பாதி வழியில் நின்றாள். திரும்பினாள். காமிராவுக்குப் பக்கத்தில் மொட்டை வெயிலில் நின்றிருந்த என்னைப் பார்த்து, “வெயில்ல நிக்காதீங்க, தலைவலி வந்துரும்” என்றாள். புதரில் ஒளித்து வைத்திருந்த மைக் அதை அப்படியே வாங்கிக்கொண்டது.

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. யூனிட்டே சிரித்தது. மறுபடி எடுக்க பிலிம் இல்லை. ராத்திரியெல்லாம் யோசித்துவிட்டு மறுநாள் அதே இடத்தில் காவலன் வேஷத்தில் நானே நின்று, அவளுக்குப் பதில் சொல்வதுபோல ஒரு ஷாட் எடுத்தேன். “நீ முன்னே போ. நான் பின்னே வருகிறேன்.” இரண்டையும் ஒட்டினேன். கச்சிதமாக உட்கார்ந்தது.

அந்தக் காலத்துப் படங்களில் எல்லோரும் மேடைத் தமிழில் முழங்குவோம். என் படத்தில் மனுஷர் பேசுகிற மாதிரிப் பேசிய ஒரே ஆள் அவள்தான். பேசியது அந்த ஒரு வசனம்.

படம் ஓடவில்லை. அதற்குப் பிறகு எனக்குப் படமும் வரவில்லை. பல வருஷம் பட்டணத்திலேயே ஒட்டிக்கொண்டிருந்து, கடைசியில் வாடகை கட்டுப்படியாகாமல் ஊருக்கு வெளியே மனை தேடியபோது அவள்தான் சொன்னாள், “நான் குடம் தூக்கின ஊருக்கே போயிடலாம்.” வந்தோம். சில வருஷம் ஏரிக்காற்றில் சந்தோஷமாகத்தான் இருந்தோம். பிறகு ஒரு மழைக்காலத்துக் காய்ச்சலில் அவள் போய்விட்டாள்.

போட்டோ ஒன்று இருக்கிறது. அது பேசாது. முதல் வருஷம் அவள் குரல் என் காதில் இருந்தது. இரண்டாவது வருஷத்தில் ஒருநாள் அதை நினைத்துப் பார்க்க முயன்றேன், வரவில்லை. சொன்ன வார்த்தைகள் எல்லாம் நினைவிருந்தன, குரலைக் காணோம். அதைவிடப் பெரிய பயம் எனக்கு வாழ்க்கையில் வந்ததில்லை. பூமியில் அந்தக் குரல் இருந்த ஒரே இடம் அந்தப் படத்தின் நாலாவது ரீல். அது இப்போது நோட்டீஸ் வண்டியோடு என் தெருவுக்கு வந்திருந்தது.

மணல் தரை

பொழுது சாயும்போதே போய்விட்டேன். கொட்டகையில் மணல் தரைதான். மணலைக் கூட்டி மேடாக்கி, அதன் மேல் உட்கார்ந்தேன். பின்னால் இருந்தவன் “பெர்சு, தலைய எறக்கு” என்றான். இறக்கிக்கொண்டேன். பக்கத்து வீட்டு மேரியம்மாவும் வந்திருந்தாள். அவள் புருஷனுக்கு ஆவடித் தொழிற்சாலையில் வேலை. அன்றைக்கு அவனுக்கு இரவு ஷிப்ட். ஞாயிற்றுக்கிழமை மாதா கோயிலுக்குப் போய் வந்தால் எனக்கும் ஒரு கிண்ணம் குழம்பு அனுப்புகிறவள்.

“இன்னா பெரியவரே, நீங்க கூட படம் பாப்பீங்களா?” என்றாள்.

“பார்ப்பேம்மா” என்றேன்.

படம் ஆரம்பித்தது. ஏரி வந்ததும் கூட்டம் எழுந்து நின்றுவிட்டது. “டேய், நம்ம ஏரிடா! அதோ பாரு பன மரம்!” ஒரே விசில். என்னை யாருக்கும் அடையாளம் தெரியவில்லை. திரையில் மீசையோடு இருந்தவனுக்கும் மணலில் இருந்தவனுக்கும் எனக்கே ஒற்றுமை தெரியவில்லை.

மூன்றாவது ரீல் தொடங்கியதும் டப்பென்று சத்தம் நின்றது. படம் ஓடுகிறது, பேச்சு இல்லை. ஒரே கூச்சல். ஆபரேட்டர் ஏகாம்பரம் அறையிலிருந்து தலையை நீட்டினான்.

“சவுண்டு பல்பு பூட்ச்சு! வேற பல்பு நாளிக்கிதான் டவுன்லேந்து வரும்!”

பிலிம் ஓரத்தில் பதிந்திருக்கும் ஒலியைப் படிக்கிற பல்பு அது. “அப்ப துட்டக் குடு!” என்றது கூட்டம். மணலை வாரி வீச ஆரம்பித்தார்கள். ஒருவன் திரையைக் கிழிக்கப் போனான். படத்தை நிறுத்திவிடுவார்கள் என்று எனக்குப் புரிந்தது. நிறுத்தினால் நாலாவது ரீல் வராது. குரல் போனாலும் முகமாவது வர வேண்டாமா?

எப்படி எழுந்தேன் என்று தெரியவில்லை. திரைக்குப் பக்கத்தில் போய் நின்று, அடிவயிற்றிலிருந்து காவலனுக்காக முழங்கினேன். வில்லனுக்குக் கரகரத்தேன். வில்லனின் அம்மாவுக்காக மூக்கால் அழுதேன். எழுதியது நான், ஒரு வார்த்தை மறக்கவில்லை. கூட்டம் அப்படியே உட்கார்ந்துவிட்டது. மேரியம்மா வாயைப் பிளந்துகொண்டு பார்த்தாள்.

நாலாவது ரீலில் செங்கமலம் வந்தாள்.

குடத்தோடு நடந்தாள். நின்றாள். திரும்பினாள். திரையை ஒட்டி நின்றதால் அவள் முகம் எனக்கு ஒரு சுவர் அகலம் இருந்தது. அவள் உதடு அசைந்தது. நான் பேசவில்லை. வெறுமனே பார்த்துக்கொண்டு நின்றேன்.

“இன்னா சொல்லுது அந்தப் பொண்ணு? சொல்லுங்க பெரியவரே!” என்று மேரியம்மா கத்தினாள்.

“வெயில்ல நிக்காதீங்க, தலைவலி வந்துரும்னு சொல்றா” என்றேன். என் குரலில்தான் வந்தது. கிழட்டு ஆண் குரல்.

இரண்டாம் நாள்

மறுநாள் பல்பு வந்துவிட்டது. ஆனால் கொட்டகை முதலாளி என் வீட்டு வாசலில் நின்றார். “சவுண்டு வேணாங்க. நேத்து வந்தவன்லாம் ஊர்பூரா சொல்லிட்டான். நீங்க பேசினாத்தான் டிக்கெட்டுன்றாங்க. மாட்டேன்னு சொல்லிடாதீங்க.” நோட்டீஸ் வண்டி அதற்குள் தெருவில் தம்பட்டம் அடித்துக்கொண்டிருந்தது. படத்தை எடுத்தவரே நேரில் தோன்றிப் பேசுகிறாராம். வசனமெல்லாம் எப்படித் தெரியும் என்று முதல் நாள் ராத்திரி முதலாளி குடைந்தபோது, நான் எடுத்த படம்தான் என்று ஒப்புக்கொண்டிருந்தேன்.

ஓடாத படத்துக்கு முப்பது வருஷம் கழித்து வந்த மரியாதை! வேறு சமயமாக இருந்தால் துள்ளியிருப்பேன். எனக்கு வேண்டியது அது இல்லை. நேரே ஏகாம்பரத்திடம் போனேன். என் மனைவியின் விஷயத்தைச் சொன்னேன். அந்த ஊரில் நான் அதைச் சொன்ன ஒரே ஆள் அவன்தான்.

அவன் பீடியைக் கீழே போட்டான். “அந்தக் கொடத்தோட வர்றது ஆயாவா? நம்ம ஆயாவா நைனா?” என்றான். அவனுக்கு முப்பது வயது இருக்கும், கண் கலங்கிவிட்டது. “நீ கவலயே படாத. படம் பூரா நீ பேசு. ஆயா வர்றப்போ நீ கையத் தூக்கு, நெயலு படுதா மேல உயும். நான் பாத்துகினே கீறேன். அப்டியே சவுண்ட தெறந்து உட்றேன். ஜனம் கத்தினா கத்தட்டும்.”

அன்றைக்குக் கூட்டம் சொல்லி மாளாது. அண்ணனூரிலிருந்து, வெள்ளானூரிலிருந்து எல்லாம் வந்திருந்தார்கள். நான் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு திரைக்குப் பக்கத்தில் நின்றேன். பேசினேன். கைதட்டல் விழ விழக் குரல் ஏறியது. உண்மையைச் சொல்கிறேன், கொஞ்ச நேரம் எனக்கு வயதே தெரியவில்லை. வசனங்கள் ஒன்றன்பின் ஒன்றாக, படத்துக்கு ஒரு மூச்சு முன்னால், தானாக வந்துகொண்டிருந்தன.

நாலாவது ரீல். ஏரிக்கரை. குடம்.

கையைத் தூக்கினேன். திரையில் என் கையின் நிழல் அவள் பாதத்தின் மேல் விழுந்தது. கொர்ரென்று ஒலிபெருக்கி உயிர் பெற்றது. ஏகாம்பரம் சொன்ன சொல் தவறவில்லை. அவள் நின்றாள். திரும்பினாள். அவள் வாய் அசைவதற்கு ஒரு மூச்சு முன்னால், என் வாய் திறந்துகொண்டது.

“வெயில்ல நிக்காதீங்க, தலைவலி வந்துரும்.”

நான்தான் சொன்னேன். அடிவயிற்றிலிருந்து, கடைசி வரிசைக்குக் கேட்கும்படி. என் குரலுக்கு அடியில் எங்கேயோ அவள் குரலும் ஓடியது. ஏதோ ஒன்று இருந்தது என்பது மட்டும் தெரிந்தது, அவ்வளவுதான். பதறி வாயை மூடுவதற்குள் அவள் பேசி முடித்துவிட்டாள். குடத்தைச் சரி செய்துகொண்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

நான் வாயை மூடியதும் ஒலிபெருக்கியில் ஒரு வாலிபக் குரல் கணீரென்று கேட்டது.

“நீ முன்னே போ. நான் பின்னே வருகிறேன்.”

கூட்டம் கைதட்டியது. “நைனா கொரல மாத்திகினாரு பாருடா! சின்னப் பையனாட்டம் பேசறாரு!” என்று ஒருவன் விசிலடித்தான். திரையில் அவள் கரையோடு போய்க்கொண்டே இருந்தாள்.

ரீல் முடிந்து விளக்குப் போட்டார்கள். ஒரே ஒரு மெஷின்தான், அடுத்த ரீல் மாட்டும்வரை காத்திருக்க வேண்டும். ஏகாம்பரம் அறையை விட்டு ஓடிவந்தான். வேர்த்து வழிந்தது. முகமெல்லாம் சிரிப்பு.

“கேட்டுச்சா நைனா?”

இன்னொரு தடவை போடப்பா என்று கேட்டிருக்கலாம். போட்டிருப்பான். ஆனால் அந்த முகத்தைப் பார்த்து இல்லை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. கூட்டமும் அடுத்த ரீலுக்குக் கத்திக்கொண்டிருந்தது.

“கேட்டுச்சுப்பா. நல்லாக் கேட்டுச்சு” என்றேன்.

மிச்சப் படத்துக்கும் பேசினேன். யாரும் குறை சொல்லவில்லை. பெட்டி மறுநாள் காலை முதல் வண்டியில் போய்விட்டது. அப்புறம் எங்கெங்கோ விசாரித்தேன், அகப்படவில்லை. ஓடாத படங்களை அதிலிருக்கும் வெள்ளிக்காக உருக்கிவிடுகிறார்கள் என்று சொன்னார்கள்.

பெட்டி போன அன்று மத்தியானம் வழக்கம்போல வாசலில் உட்கார்ந்தேன். தெருவில் ஒரு சத்தமும் இல்லை. வெயில் பாதத்தில் ஏறியது, மடிக்கு வந்தது, தலைக்கு வந்தது. உள்ளே போகலாம், நாற்காலியைக் கொஞ்சம் நகர்த்தினாலே நிழல்தான். நான் நகரவில்லை. யாராவது சொல்லட்டும் என்று உட்கார்ந்திருந்தேன்.